என் படிப்பு கோர்ட்டில் இருக்கிறது

1

போன மாதம் இங்கே ஒரு கல்லூரிக்கு விசாரிக்கப் போயிருந்தேன். டொரான்டோவுக்கு வெளியே நாங்கள் இருக்கும் ஊரிலிருந்து பஸ்ஸில் போக வேண்டும். நூலக வேலைக்கான படிப்பு ஒன்றை மாலை வகுப்பாக நடத்துகிறார்கள். கவுன்டரில் இருந்த பெண்மணி என் சான்றிதழ்களைப் புரட்டிவிட்டு, எம்.ஏ.வுக்குப் பிறகு என்ன செய்தீர்கள் என்று கேட்டார். ஆராய்ச்சி செய்தேன் என்றேன். முடித்தீர்களா என்றார். முடித்தேன் என்றேன். அப்படியானால் பட்டம் எங்கே என்றார்.

கோர்ட்டில் இருக்கிறது என்று சொல்லிவிட்டேன்.

நம் ஊரில் இப்படிச் சொன்னால் கேட்பவர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிடுவார். எந்த வருஷத்துக் கேஸ், வக்கீல் யார், தன் மைத்துனருக்கும் இப்படித்தான் ஆயிற்று என்று பேச்சு வளரும். இந்த அம்மாள் பேனாவைக் கீழே வைத்தார். குரலைத் தாழ்த்தி, உங்களுக்கு வக்கீல் இருக்கிறாரா, நீங்களும் குழந்தையும் பாதுகாப்பாக இருக்கிறீர்களா என்று கேட்டார். ஜாமீனில் வந்தவள் என்று நினைத்திருப்பார். எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. இரண்டையும் அடக்கிக்கொண்டு காகிதங்களைப் பையில் போட்டேன்.

கூட நின்ற என் மகள் ஜெனிக்கு முகம் சிவந்துவிட்டது. எட்டு வயது. கோர்ட் என்றால் அவளுக்குத் தெரிந்ததெல்லாம் டி.வி.யில் வருவதுதான், திருடர்களும் கொலைகாரர்களும் நிற்கும் இடம். திரும்பும் பஸ்ஸில் ஆங்கிலத்தில் கேட்டாள், அம்மா, நீ என்ன தப்பு செய்தாய் என்று. நான் செய்யவில்லை, நான்தான் கேஸ் போட்டேன் என்றேன். அப்படியென்றால் யார் தப்பு செய்தார்கள் என்றாள். அதைத்தான் இத்தனை வருடமாகக் கண்டுபிடித்துக்கொண்டிருக்கிறார்கள் என்று விளக்க என் ஆங்கிலம் போதவில்லை. கேட்டுப் புரிந்துகொள்ள அவளுடைய தமிழ் போதவில்லை. ஆளுக்கொரு பக்கம் பனியைப் பார்த்துக்கொண்டு வீடு வந்து சேர்ந்தோம்.

அவளுக்குச் சொல்ல முடியாததை உங்களுக்குச் சொல்கிறேன். உங்களுக்கு ஒன்றுக்கும் விளக்கம் வேண்டியிருக்காது.

2

நான் புறப்பட்டபோது அது இன்னும் மெட்ராஸ். இப்போது வருகிற கடிதங்களில் எல்லாரும் சென்னை என்று எழுதுகிறார்கள். எங்கள் வீடு சாந்தோமில், கோவில் மணி அடித்தால் தட்டு அதிரும் தூரத்தில் இருந்தது. அப்பா பள்ளிக்கூட வாத்தியார். பி.ஏ. இரண்டாம் வருடம் படித்துக்கொண்டிருந்தேன். ஒரு நாள் வகுப்பில் பாடம் நடத்திக்கொண்டிருந்த அப்பாவுக்குக் கை கால் விழுந்துவிட்டது.

அண்ணன் அந்தோணி அப்போது பாலிடெக்னிக்கில் கடைசி வருடம். நான் லீவில் டைப்ரைட்டிங் பாஸ் செய்து வைத்திருந்தேன். தி.நகரில் ஒரு கம்பெனிக்கு டைப்பிஸ்ட் வேண்டும் என்று பங்குச் சாமியார் சொன்னார். நீ காலேஜை விட்டுவிடு என்று யாரும் சொல்லவில்லை, அதை நியாயமாகச் சொல்ல வேண்டும். ஒரு திங்கட்கிழமை காலேஜ் போகும் பஸ்ஸுக்குப் பதிலாக தி.நகர் போகும் பஸ்ஸில் ஏறினேன். அவ்வளவுதான் நடந்தது. பெண் வேலைக்குப் போவதும் பையன் படிப்பை முடிப்பதும் அப்போது யாருக்கும் விசித்திரமாகப் படவில்லை. எனக்கும் படவில்லை.

பிறகு கல்யாணம் ஆயிற்று. சேவியர் நல்ல மனிதர், கம்ப்யூட்டர் படித்தவர். அவர்தான் ஒரு விளம்பரத்தைக் கொண்டுவந்து காட்டினார். பட்டப்படிப்பே இல்லாமல் நேரடியாக எம்.ஏ. எழுதலாம் என்று அப்போது ஒரு வழி திறந்திருந்தார்கள். வயது ஆகியிருந்தால் போதும். நம்மில் எத்தனையோ பேர் அந்த வழியாக ஏறினோம். எங்கள் ஞாயிற்றுக்கிழமை வகுப்பில் பாதிப்பேர் டைப்பிஸ்டுகள், ஒரு கண்டக்டர் இருந்தார், இரண்டு போலீஸ்காரர்கள் இருந்தார்கள். நான் சரித்திரம் எடுத்து முதல் வகுப்பில் தேறினேன். வாடகைக் கவுனைப் போட்டுக்கொண்டு எடுத்த போட்டோவை அப்பா படுக்கைக்கு எதிரே மாட்டச் சொன்னார். அதைப் பார்த்துக்கொண்டேதான் போனார்.

ஆசை யாரை விட்டது? டாக்டரேட் செய்யலாம் என்று கிளம்பினேன். தண்ணீர் லாரிக்குக் குடத்தோடு ஓடுகிற ஊரில், குழாய் வருவதற்கு முன்னால் மக்கள் எப்படிக் குடித்தார்கள் என்று தெரிந்துகொள்ள ஆசை. மயிலாப்பூர், மந்தைவெளி, அடையாறு, வேளச்சேரி வட்டாரத்துக் கிணறுகள் என்று தலைப்பு. எனக்குக் கைடாக இருக்க வசந்தா மேடம் சம்மதித்தார். மந்தைவெளியில் இருந்தார், கல்யாணம் செய்துகொள்ளாதவர், கோபக்காரர். விண்ணப்பம் போனது. ஒரு வரியில் பதில் வந்தது. இளநிலைப் பட்டம் இல்லாதவரை முனைவர் படிப்பில் சேர்க்க விதி இல்லை.

எம்.ஏ. பட்டத்தைக் கையில் கொடுத்ததே அதே பல்கலைக்கழகம்தான். பெயர் வேண்டாம். தான் கொடுத்த பட்டத்தின் மேல் தனக்கே நம்பிக்கை இல்லை என்றால் எதற்குக் கொடுத்தார்கள் என்று அன்று வீட்டில் கத்தினேன். இன்றைக்கும் அதைவிட நல்ல வாதம் எனக்குத் தோன்றவில்லை.

3

கேஸ் போடலாம் என்றது அண்ணன்தான். அவன் அப்போது அம்பத்தூரில் ஒரு பாக்டரியில் சூபர்வைசர். நைட் ஷிப்ட் முடித்துவிட்டு நேராக ஹைகோர்ட்டுக்குப் போவான். சட்டையில் ஆயில் கறையோடு வராந்தாவில் உட்கார்ந்திருப்பான். பல்கலைக்கழகத்தை எதிர்த்து ரிட் மனு. சில வாரங்களிலேயே இடைக்கால உத்தரவு வந்துவிட்டது. வழக்கின் முடிவுக்கு உட்பட்டு என்னைத் தற்காலிகமாகச் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

வீடே அமர்க்களப்பட்டது. அண்ணன் மைசூர்பாகு டப்பாவோடு தெரு முழுக்க நடந்தான். அம்மா நன்றிப் பூசைக்கு எழுதிக்கொடுத்தாள். வழக்கில் வெற்றி பெற்ற நம் பங்கின் மகள் ரீட்டாவுக்காக என்று பங்குச் சாமியார் பீடத்திலிருந்தே வாசித்தார். பிரியாணி போட்டோம். இடைக்கால உத்தரவுக்குப் பிரியாணி போட்டவர்கள் நாங்கள் மட்டும் இல்லை என்று பிறகு தெரிந்தது. அதே மாதிரி கேஸ் போட்டிருந்த இன்னொரு பெண் வீட்டில் நாதஸ்வரம் வைத்தார்களாம். உத்தரவு வந்தால் ஜெயித்தாயிற்று, அதற்குப் பிறகு தீர்ப்பு என்று ஒன்று உண்டு என்பது யார் நினைவிலும் இல்லை.

வசந்தா மேடத்திடம் மைசூர்பாகு கொண்டுபோனேன். அவர் அதைத் தொடவில்லை. உத்தரவை வாங்கி மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு படித்தார்.

"'தற்காலிகமா'ன்னு போட்டிருக்கான், பார்த்தியோ? எல்லாரும் ஸ்வீட் சாப்பிட்டுண்டு இருக்கேள். நீ போய்க் கிணத்தப் பாரு."

பார்த்தேன். ஜெனி கைக்குழந்தை. அம்மாவிடம் விட்டுவிட்டு வீடு வீடாக ஏறினேன். மாடவீதிப் பக்கம் ஒரு மாமி, எங்காத்துக் கிணத்துக்கு டாக்டர் பட்டமா என்று சிரித்தபடியே மூடியைத் திறந்து காட்டினார். வேளச்சேரியில் ஏரிக்கரையோரம் ஒரு கிழவர் என்னைக் குடிநீர் வாரியத்து ஆள் என்று நினைத்துத் திட்டித் தீர்த்துவிட்டுப் பிறகு மோர் கொடுத்தார். என் வாழ்க்கையிலேயே நான் மிகச் சந்தோஷமாக இருந்தது அந்த வெயிலில்தான். இங்கே குளியலறையில் குழாயைத் திறந்ததும் வெந்நீர் கொட்டுகிறது. ஆனாலும் சொல்கிறேன்.

4

வக்கீல் ஆபீஸ் தி.நகரில், ஒரு துணிக்கடைக்கு மேல் மாடி. வக்கீலைப் பார்ப்பது அபூர்வம். பார்க்கக் கிடைப்பவர் குமாஸ்தா கன்னியப்பன். கேஸ் எப்போது வரும் என்று ஒருமுறை அவரிடம் பதற்றமாகக் கேட்டேன்.

"இன்னாத்துக்கும்மா பதர்றே? கேஸு அது பாட்டுக்குத் தூங்கிக்கினு கீது. தூங்கறவரிக்கும் நீ ஸ்டூடன்ட்டு. நீயே எழுப்பிட்டா இன்னா ஆவும்னு சாமிக்கே தெரியாது."

வக்கீலின் யோசனையும் அதுவேதான் என்றார். வழக்கு விசாரணை லிஸ்டில் வராமல் இருக்கும்வரை இடைக்கால உத்தரவுக்கு உயிர் உண்டு. அதற்குள் ஆராய்ச்சியை முடித்துவிட்டால், முடித்தவளைப் போய் எந்த நீதிபதி வெளியே தள்ளுவார்? இரக்கப்பட்டு விட்டுவிடுவார். எல்லாருக்கும் அப்படித்தான் நடக்கிறதாம்.

ஆக, எங்கள் வீட்டில் புதிதாக ஒரு வேண்டுதல் தொடங்கியது. சனிக்கிழமை தோறும் அம்மா பஸ் பிடித்துப் பெசன்ட் நகர் மாதா கோவிலுக்குப் போவாள். மெழுகுவர்த்தி கொளுத்தி, தாயே, என் பெண் கேஸ் லிஸ்டில் வராமல் பார்த்துக்கொள் என்று மன்றாடுவாள். நீதி கிடைக்கக்கூடாது என்று வேண்டிக்கொள்ளும் குடும்பத்தை மாதா அதற்கு முன் பார்த்திருப்பாரோ என்னவோ. பார்த்திருப்பார், மெட்ராஸ்தானே.

மாதா மனமிரங்கினார். கேஸ் வரவேயில்லை. நான் எழுதி முடித்தேன், நானே டைப் செய்தேன். வசந்தா மேடம் கடைசி அத்தியாயத்தைப் படித்துவிட்டு உள்ளே போய்க் காபி போட்டுக்கொண்டு வந்தார். அவரிடம் அதுதான் பெரிய பாராட்டு. பைண்டிங் வாசனையோடு பிரதிகளைத் தூக்கிக்கொண்டு பல்கலைக்கழகத்துக்குப் போனேன். அங்கே அதிகாரி மரியாதையாகத்தான் பேசினார். உட்காரச் சொன்னார், தண்ணீர் கொடுத்தார். கேஸ் முடிஞ்சதும் கொண்டாங்கம்மா, அதுவரைக்கும் வாங்கிக்க எங்களுக்கு அதிகாரம் இல்ல என்றார். உத்தரவில் சேர்க்கச் சொல்லித்தான் இருக்கிறதாம். ஆய்வேட்டை வாங்கச் சொல்லி இல்லையாம்.

தூங்கட்டும் என்று தாலாட்டிய கேஸை இனி எழுப்ப வேண்டும். அண்ணன் மறுபடியும் ஷிப்ட் முடித்து ஓடினான். இதற்குள் அது எங்கோ பல அடுக்குக் கேஸ் கட்டுகளுக்கு அடியில் போய்விட்டது. நீதிபதி மாறினார். கட்டைக் காணோம் என்றார்கள், கிடைத்தது என்றார்கள், லிஸ்டில் வந்தும் நேரமில்லாமல் தள்ளிப் போயிற்று. நான் வீட்டில் எரிந்து விழத் தொடங்கினேன். அம்மாவிடம், இனிமேல் கேஸ் சீக்கிரம் வரணும்னு வேண்டிக்கோ என்றேன். அவள் அரிசி புடைப்பதை நிறுத்தினாள்.

"மாதாகிட்ட எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டுடி மாத்திக் கேக்கறது?"

இருந்தாலும் போய்க் கேட்டாள். வெட்கப்பட்டுக்கொண்டு ஒரு பெரிய மெழுகுவர்த்தியாக வாங்கிப்போனாள்.

5

அந்தச் சமயத்தில்தான் சேவியருக்கு இங்கே வேலை கிடைத்தது. தீர்ப்பு வரட்டும் என்று நான் தள்ளிப்போட்டேன். அவர் முதலில் தனியாக வந்தார். ஜெனி போனில் அப்பாவின் குரலைக் கேட்டுப் பயந்து ஒளிய ஆரம்பித்ததும் எனக்கு வேறு வழி தெரியவில்லை. பிரதிகளை அண்ணனிடம் ஒப்படைத்துவிட்டு விமானம் ஏறினேன். போய்ட்டு வா, கேஸ நான் பாத்துக்கறேன் என்றான். ஏதோ வீட்டுச் சாவியை வாங்கி வைத்துக்கொள்வது போலச் சொன்னான்.

இங்கே இது எனக்கு நாலாவது குளிர்காலம். ஒரு மருந்துக்கடையில் அலமாரி அடுக்குகிறேன். சனிக்கிழமை காலையில் துணி துவைப்பது, மளிகை, ஜெனியை நீச்சலுக்குக் கூட்டிப்போவது. புதிதாக அறிமுகமாகிறவர்கள், நீங்கள் என்ன செய்துகொண்டிருந்தீர்கள் என்று கேட்கும்போது மட்டும் நாக்கு இழுக்கிறது. டைப்பிஸ்ட் என்றால் எழுதியதெல்லாம் பொய்யாகிறது. ஆராய்ச்சியாளர் என்றால் சட்டப்படி பொய்யாகிறது. ஆங்கிலத்தில் தடுமாறித் தடுமாறி ஏதோ சொல்லிவைப்பேன். ஜெனி பக்கத்திலிருந்து என் வாக்கியத்தைத் திருத்துவாள். முன்பெல்லாம் வீட்டுக்கு வந்து திருத்துவாள், இப்போது அவர்கள் எதிரிலேயே திருத்துகிறாள். கோபமாகத்தான் இருக்கிறது. பிள்ளை சரியாகத்தானே சொல்கிறது என்கிறார் சேவியர். அதுதான் கோபம்.

சனிக்கிழமைகளில் அண்ணன் கூப்பிடுவான். அங்கே அப்போது சாயங்காலம். லஸ் முனையில் ஒரு ஐ.எஸ்.டி. பூத்திலிருந்து பேசுவான். எதிரே மீட்டர் சிவப்பாக ஓடுவது அவன் பேசும் வேகத்திலேயே எனக்குத் தெரியும். அடுத்த வாரம் லிஸ்டில் வரும், இந்த நீதிபதி நல்லவர், பல்கலைக்கழகம் இன்னும் பதில் மனுவே போடவில்லை, நமக்குத்தான் சாதகம். ஜெனியிடம் ரிசீவரைக் கொடுத்தால் ஹாய் மாமா என்று சொல்லிவிட்டு ஓடிவிடுவாள். அவன் அதற்கும் சிரிப்பான். புள்ள ஸ்டைலா பேசுது என்பான்.

சில சமயம் எனக்கு எரிச்சலாக வரும். இந்த மனிதன் எதற்காக இதை இப்படிக் கட்டிக்கொண்டு அழுகிறான், அவனுக்கும் இரண்டு பிள்ளைகள் இருக்கிறார்கள் என்று சேவியரிடம் சொல்வேன். எனக்காகச் செய்கிறானே என்ற நன்றியைவிட, அவன் விட்டால்தானே நானும் விட முடியும் என்ற அலுப்புதான் அதிகமாக இருந்தது.

6

இதைப் பாதி எழுதி மேஜையில் வைத்திருந்தேன். நேற்றும் சனிக்கிழமைதான். போன் வந்தது.

"ரீட்டா, கேஸ் வந்துச்சு" என்றான் அண்ணன். அவன் மெதுவாகப் பேசினான். அதிலேயே எனக்குப் புரிந்துவிட்டது.

என்னைப் போன்றவர்களின் மனுக்களை ஒரே கட்டாக எடுத்துக்கொண்டார்களாம். மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் எல்லாவற்றையும் சேர்த்துத் தள்ளுபடி செய்துவிட்டார்களாம். இளநிலைப் பட்டம் இல்லாத எம்.ஏ.வை வைத்து முனைவர் பதிவு கேட்க முடியாது. இடைக்கால உத்தரவுகள் ரத்து. எங்கள் வக்கீல் எழுந்து, இந்தப் பெண் ஆராய்ச்சியையே முடித்துவிட்டாள் என்று சொன்னாராம். நீதிபதி நிமிர்ந்து பார்த்து, அது நல்ல விஷயம் என்றாராம். அதற்குப் பிறகு அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

நான் சமையலறைச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அழுகை வரவில்லை.

அண்ணன் மளமளவென்று பேச ஆரம்பித்தான். அப்பீல் போட்டுவிடலாம். வக்கீல் சொல்லிவிட்டார். ஒரு மாதத்தில் ஸ்டே வாங்கிவிடலாம். ஸ்டே கிடைத்துவிட்டால் பதிவு ரத்தாகாது, பழையபடி இருக்கலாம், அதற்குள் நான் ஒரு நடை வந்து போனால்கூடப் போதும்.

"அண்ணா, எனக்கு ஸ்டே வேணாம்" என்றேன்.

அவன் கேட்காதது போல, கன்னியப்பன் இரண்டு நாளில் பேப்பர் எல்லாம் ரெடி பண்ணிவிடுவதாகச் சொன்னார் என்றான். நான் மறுபடியும் சொன்னேன். இதுவும் வேண்டாம், இன்னொரு தற்காலிகமும் வேண்டாம். யாராவது கேட்டால் இல்லை என்று வாய் நிறையச் சொல்லிவிட்டு நான் வேறு வேலையைப் பார்க்க வேண்டும். சொல்லச் சொல்லக் குரல் ஏறிவிட்டது. முன்னறையில் படம் பார்த்துக்கொண்டிருந்த ஜெனி எட்டிப் பார்த்தாள்.

"தோத்துட்டோம்னு ஒரு தடவ சொல்லு. உன் வாயால சொல்லு. எனக்கு அது போதும்."

அந்தப் பக்கம் அவன் பூத்தின் கதவை இழுத்துச் சாத்துவது கேட்டது.

"தோத்துட்டோம்மா" என்றான்.

நான் சரி என்றேன். சொல்லச் சொன்னது நான்தான். ஆனால் அவன் அத்தோடு நிறுத்தவில்லை.

"அன்னிக்கு அந்தத் திங்கக்கிழம நான் படிப்ப நிறுத்தியிருக்கணும், ரீட்டா. நீ காலேஜுக்குப் போயிருக்கணும். நான் வாயே தொறக்கல. பேன்ட்டுக்கு இஸ்திரி போட்டுக்கிட்டு இருந்தேன்."

எத்தனை வருடம் ஆயிற்று அந்தத் திங்கட்கிழமைக்கு. அதை நான் மட்டும்தான் ஞாபகம் வைத்திருக்கிறேன் என்று நினைத்திருந்தேன். ஆயில் கறைச் சட்டையோடு அவன் ஹைகோர்ட் வராந்தாவில் உட்கார்ந்ததெல்லாம் எந்தக் கேஸுக்காக என்று எனக்கு நேற்றுவரை தெரியவில்லை. உன் மேல் எனக்கு ஒன்றும் இல்லை அண்ணா என்று சொல்ல நினைத்தேன்.

"மீட்டர் ஓடுது. வெச்சுடு" என்றேன்.

"ஓடட்டும்" என்றான்.

லஸ் முனையில் ஒரு பஸ் விடாமல் ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது. நாங்கள் இருவரும், அவன் அங்கேயும் நான் இங்கேயும், ரிசீவரைக் காதில் வைத்தபடி நின்றுகொண்டிருந்தோம்.